பணம் பத்தாத நாளில் வரிசை போடுகிறவன்

ஊரில் விசேஷ வீட்டுக்குப் போனால் என்னிடம் இரண்டு கேள்விகள் வரும். "ஹீரோ நேர்ல எப்படிப்பா, பந்தா பண்ணுவாரா?" என்பது முதலாவது. அதை எப்படியாவது சமாளித்துவிடலாம். இரண்டாவதுதான் வம்பு: "நீ அங்க என்னதான் வேலை பார்க்கிற?" புரொடக்‌ஷன் மேனேஜர் என்பேன். "அதான், அது என்ன வேலை?" என்பார்கள். சாப்பாடு, வண்டி, ரூம், பெர்மிஷன், பேட்டா என்று நான் அடுக்கிக்கொண்டே போக, எங்கள் சித்தப்பா பொறுமையாகக் கேட்டுவிட்டு, "சரி விடு, டைரக்டர் ஆகுற வரைக்கும் இதைப் பார்த்துக்கிட்டு இரு" என்று தட்டிக்கொடுத்துவிட்டு பந்திக்குப் போய்விட்டார்.

டைரக்டர் ஆகும் ஆசையோடு நான் கோடம்பாக்கம் வரவில்லை. கணக்கு எழுதத் தெரியும், நாலு பேரிடம் பேசத் தெரியும், தூக்கம் கம்மி. இந்த மூன்றையும் வைத்துப் பிழைக்க ஒரு இடம் கிடைத்தது. சமீபமாகச் சில தம்பிகள், "அண்ணே, புரொடக்‌ஷன் சைடுல சேரணும், எப்படி?" என்று கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்வதற்கு இங்கேயே எழுதி வைத்துவிடலாம் என்று உட்கார்ந்தேன். நீளம்தான். டீ போட்டுக்கொண்டு வாருங்கள்.

முதலில் யார் யார் என்று பார்த்துவிடுவோம். பணம் போடுகிறவர் தயாரிப்பாளர். பழைய ஆட்கள் இன்றைக்கும் "முதலாளி" என்றுதான் சொல்வார்கள். அவருக்குக் கீழே எக்ஸிக்யூட்டிவ் புரொடியூசர். அடுத்து தயாரிப்பு நிர்வாகி, படம் முழுக்க வரவு செலவு அவர் கையில். அவருக்குக் கீழே, தினமும் ஸ்பாட்டில் நின்று வேலையை நடத்துகிறவர்கள் என்னைப் போன்ற மேனேஜர்கள். எங்களுக்குக் கீழே புரொடக்‌ஷன் அசிஸ்டெண்டுகள். காலை நாலு மணிக்கு டீ கேனைத் தூக்கிக்கொண்டு முதல் ஆளாக வருகிறவர்களும், ராத்திரி கடைசி நாற்காலியை மடக்கி வண்டியில் ஏற்றிவிட்டுப் போகிறவர்களும் அவர்கள்தான். நிர்வாகிகளுக்கும் தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனமான ஃபெப்சியில் ஒரு சங்கம் உண்டு. லைட்மேன், டிரைவர், மேக்கப், காஸ்ட்யூம், ஸ்டண்ட், டான்ஸ் என்று இருபதுக்கும் மேற்பட்ட சங்கங்களில் அதுவும் ஒன்று.

இந்தப் பட்டியலை வைத்து வேலை புரியாது. வேலை என்னவென்றால், ஷூட்டிங்கில் எதுவுமே போதுமான அளவுக்கு இருக்காது. பணம் பத்தாது. வெயில் பத்தாது. ஆர்ட்டிஸ்ட் கொடுத்த தேதி பத்தாது. ரூம் பத்தாது. இருப்பதை யாருக்கு முதலில் கொடுப்பது, யாரைக் காத்திருக்கச் சொல்வது என்று தினமும் ஒரு வரிசை போட வேண்டும். அந்த வரிசையைப் போடுகிறவன்தான் மேனேஜர். வரிசையை ஒழுங்காகப் போட்டால் ஒருவரும் கவனிக்க மாட்டார்கள். தப்பாகப் போட்டால் மொத்த யூனிட்டுக்கும் தெரிந்துவிடும்.

ஸ்டுடியோ வாசலைத் தாண்டிய பிறகு

ஒரு காலத்தில் இந்த வரிசைக்கு இவ்வளவு அவசியம் இருந்திருக்காது. சேலத்தில் டி.ஆர்.சுந்தரம் நடத்திய மாடர்ன் தியேட்டர்ஸ், சென்னையில் எஸ்.எஸ்.வாசனின் ஜெமினி ஸ்டுடியோ மாதிரி இடங்களில் ஆசாரியிலிருந்து நடிகர் வரை பலர் மாதச் சம்பளக்காரர்கள். செட், லைட், தையல், மெஸ் எல்லாம் ஒரே காம்பவுண்டுக்குள். மாடர்ன் தியேட்டர்ஸ் நூற்றுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்துத் தள்ளியதற்கு அந்தக் கண்டிப்பான ஏற்பாடு முக்கியமான காரணம். பிறகு வந்த சாண்டோ சின்னப்பா தேவரும் சொன்ன தேதிக்குப் படத்தை முடிப்பதற்குப் பேர் போனவர். எம்.ஜி.ஆரை வைத்து மட்டும் 16 படங்கள் எடுத்தார்.

ஸ்டுடியோக்கள் ஒவ்வொன்றாக ஓய்ந்தபோது மாதச் சம்பளமும் போய்விட்டது. ஒவ்வொரு படத்துக்கும் ஆட்களைப் புதிதாகப் பிடித்து, சாமான்களை வாடகைக்கு எடுத்து, முடிந்ததும் கலைத்துவிட வேண்டும் என்று ஆனது. 1977-ல் ‘16 வயதினிலே’ வந்த பிறகு கேமரா கிராமங்களுக்குப் போகத் தொடங்கியது. நூறு பேருக்குக் குறையாத கூட்டம் ஒன்று, யாரையும் தெரியாத ஊரில் போய் இறங்கிச் சாப்பிட்டு, தூங்கி, வேலை பார்த்து, ஊர்க்காரர்களோடு சண்டை இல்லாமல் திரும்ப வேண்டும். எங்கள் தொழில் பெருத்தது அப்படித்தான்.

அந்த மாற்றம் நடந்த காலத்து வாசனை வேண்டுமானால் அசோகமித்திரனின் ‘கரைந்த நிழல்கள்’ நாவலைப் படியுங்கள். ஜெமினியில் வேலை பார்த்தவர் எழுதியது. நடராஜன் என்று ஒரு புரொடக்‌ஷன் மேனேஜர் அதில் வருவார். இந்தத் தொழிலுக்கு வருகிறேன் என்று சொல்லும் பையனிடம் நான் முதலில் கொடுப்பது அந்தப் புத்தகத்தைத்தான். படித்த பிறகும் வருகிறேன் என்றால் பேசலாம்.

முந்தின ராத்திரி

ஷூட்டிங் காலையில் தொடங்குவதாக வெளியில் நினைக்கிறார்கள். எங்களுக்கு அது முந்தின நாள் பேக்கப் சொன்ன நிமிடத்தில் தொடங்கிவிடும். அசோசியேட் டைரக்டர் நாளைய சீன் ஆர்டரைக் கொடுப்பார். எந்த ஸ்பாட், எந்தெந்த சீன், யார் யார் காம்பினேஷன், எத்தனை துணை நடிகர்கள், மழை எஃபெக்ட் உண்டா, கிரேன் வேண்டுமா. அதைக் கையில் வைத்துக்கொண்டு பின்னோக்கிக் கணக்குப் போட வேண்டும்.

முதல் ஷாட் காலை ஏழு மணிக்கு என்று வையுங்கள். ஹீரோயினுக்கு மேக்கப், ஹேர், காஸ்ட்யூம் எல்லாம் சேர்த்து ஒன்றரை இரண்டு மணி நேரம். அப்படியானால் ஐந்து மணிக்கு மேக்கப் ஆட்கள் ரெடியாக இருக்க வேண்டும். கேபிள் இழுத்து லைட் நிறுத்த நேரம் வேண்டும் என்பதால் கேமரா வருவதற்கு முன்பே லைட் யூனிட்டும் ஜெனரேட்டர் வண்டியும் போய் நிற்க வேண்டும். இவர்கள் எல்லாருக்கும் டிஃபன் தயாராக வேண்டும் என்றால் மெஸ்ஸில் நடுராத்திரி தாண்டியதும் அடுப்பு எரிய வேண்டும். சென்னையில் ஷூட்டிங் என்றால் வடபழனி, சாலிகிராமம், விருகம்பாக்கம், வளசரவாக்கம் பக்கம் ஆளுக்கொரு முனையில் நிற்பவர்களை எந்த வேன் எந்த வழியாக ஏற்றிக்கொண்டு வரும் என்பது வேறு கணக்கு. இதையெல்லாம் முடித்து வாட்ஸப் குரூப்பில் போட்டுவிட்டு நிமிர்ந்தால், "சார், நாளைக்கு அந்த சீனுக்குப் பதிலா வேற சீன் போயிடலாமா?" என்று டைரக்‌ஷன் டிபார்ட்மெண்டிலிருந்து போன் வரும். கோபப்படக் கூடாது. அவர்களுக்கும் மேலேயிருந்து யாரோ சொல்லியிருப்பார்கள்.

ஒரு நாள் ஷூட்டிங் செலவை நாங்கள் "பெர் டே" என்போம். படத்துக்குப் படம் தொகை மாறும், பயம் மட்டும் மாறாது. அந்தச் செலவில் அதிகம் வீணாவது ஷிப்டிங்கில்தான். காலையில் ஒரு ஸ்பாட், மதியம் பத்து கிலோமீட்டர் தள்ளி இன்னொரு ஸ்பாட் என்றால் ஏற்றி, இறக்கி, மறுபடி லைட் வைக்க அரை நாள் போய்விடும். அதனால் நல்ல மேனேஜர் லொக்கேஷன் பார்க்கப் போனால் கதைக்கு வேண்டிய வீட்டை மட்டும் பார்த்துவிட்டு வர மாட்டார். காரைக்குடிப் பக்கம் பெரிய செட்டிநாட்டு வீடு ஒன்று கிடைத்தால் முகப்பு கல்யாண வீடு, பின்கட்டு ஹீரோயின் வீட்டுச் சமையலறை, பக்கவாட்டு அறை வக்கீல் ஆபீஸ், தெருவில் திரும்பினால் ஹீரோ சைக்கிளில் வரும் சந்து. ஒரு காம்பவுண்டில் நாலு லொக்கேஷன். இதை டைரக்டர் சாருக்குப் பிடிக்கிற மாதிரி காட்டுவதும் ஒரு கலை. "பட்ஜெட் மிச்சம் ஆகும் சார்" என்றால் வேண்டாம் என்பார். "லைட் இங்க நல்லா விழுது சார், கேமராமேன் சார்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்க" என்றால் வேலை நடக்கும்.

பஞ்சாங்கம் பார்க்கிற வேலை

எங்கள் ஆபீசில் கம்ப்யூட்டர் இல்லாமல்கூட ஒரு நாள் ஓடிவிடும். தினசரி காலண்டர் இல்லாமல் ஓடாது. பூஜைக்கு நல்ல நேரம் பார்ப்பதற்காக என்று நினைத்துக்கொள்ளாதீர்கள்.

முகூர்த்த நாளில் நூறு பேருக்கு ரூம் கிடைக்காது, வேன் கிடைக்காது, சமையல்காரர் கிடைக்க மாட்டார். மண்டபத்தில் எடுக்க வேண்டிய சீன் இருந்தால் ஆடி மாதத்தில் போட வேண்டும். கல்யாணம் இல்லாத மாதம் என்பதால் மண்டபம் சும்மா கிடக்கும், வாடகையும் குறையும். கார்த்திகை பிறந்தால் ஐயப்ப சீசன். வேன்கள் எல்லாம் சபரிமலைக்குப் போய்விடும். யூனிட்டில் பாதிப்பேர் மாலை போட்டிருப்பார்கள். அவர்களுக்குத் தனிச் சமையல், தனிப் பாத்திரம், குளிக்க விடியற்காலையிலேயே தண்ணீர். தெற்கே கிராமம் என்றால் ஊர்க் கொடை எப்போது என்று விசாரிக்காமல் தேதி போட்டால் வசனத்துக்கு நடுவில் மைக்செட் அலறும். தென்காசிப் பக்கம் ஜூன், ஜூலையில் சாரல். சென்னையில் அக்டோபர் தொடங்கி டிசம்பர் வரை மழை. ஆகவே எந்த அவுட்டோர் போனாலும் நாலு சுவருக்குள் எடுக்கக்கூடிய ஒரு சீனையாவது கைவசம் வைத்திருப்போம். மழை வந்தால் அதற்கு ஓட வேண்டும். அந்தச் சீனுக்கு வேண்டிய ஆர்ட்டிஸ்டும் சும்மா ரூமில் இருக்க வேண்டும். அவரை ஏன் உட்கார வைத்துச் சம்பளம் கொடுக்கிறீர்கள் என்று ஆபீஸ் கணக்கர் கேட்பார். மழை வராத ஷெட்யூலில் பதில் சொல்வது கஷ்டம்.

தேர்தல் வந்தால் இன்னொரு தலைவலி. நடத்தை விதிகள் அமலுக்கு வந்துவிட்டால் 50,000 ரூபாய்க்கு மேல் ஆவணம் இல்லாத ரொக்கத்தைப் பறக்கும் படை பிடித்துவிடும். எங்களுக்கோ ஒரு நாள் பேட்டாவே அதைவிடப் பல மடங்கு. பேங்கில் எடுத்த சீட்டு, கம்பெனி லெட்டர், யார் யாருக்குப் பட்டுவாடா என்ற பட்டியல் மூன்றையும் பணப்பையோடு வைத்துக்கொண்டு போவோம். செக்போஸ்டில் அதிகாரியிடம், "ஷூட்டிங் சார், லைட்மேன் பேட்டா" என்று விளக்கி முடித்ததும் அவர் கடைசியாக, "ஹீரோ யாரு?" என்பார்.

மாடு போகும், படம் போகாது

பெர்மிஷன் என்பது தனி உலகம். ரோட்டில் எடுத்தால் போலீஸ், மாநகராட்சி. ரயிலில் என்றால் தெற்கு ரயில்வே. கோயில் என்றால் அறநிலையத் துறை. மாமல்லபுரம், தஞ்சைப் பெரிய கோயில் மாதிரி இடம் என்றால் இந்தியத் தொல்லியல் துறை. ஒவ்வொன்றுக்கும் ஒரு படிவம், ஒரு கட்டணம், ஒரு காத்திருப்பு. கையில் எல்லாக் கடிதமும் இருந்தாலும், அந்தத் தெரு முனையில் இருக்கும் ஆட்டோ ஸ்டாண்டில் போய் நாலு வார்த்தை பேசாமல் டிராலி போட முடியாது. ஊர்ப் பெரியவரிடம் வெற்றிலை பாக்கு வைத்துச் சொல்லாமல் கிராமத்தில் ஜெனரேட்டர் ஓட்ட முடியாது. இந்தப் பெர்மிஷனுக்குப் படிவம் கிடையாது.

புதிதாக வருகிறவர்கள் அதிகம் முழிப்பது விலங்குகள் விஷயத்தில். 2001-ல் வந்த விதிகளின்படி படத்தில் விலங்கு வந்தால் இந்திய விலங்குகள் நல வாரியத்தின் அனுமதி வேண்டும். உரிமையாளர் கடிதம், கால்நடை மருத்துவர் சான்று, எந்த சீனில் மாடு என்ன செய்கிறது என்ற விவரம் எல்லாம் முன்கூட்டியே போக வேண்டும். வாரியத்தின் தலைமை அலுவலகம் முன்பு சென்னையில் திருவான்மியூரில்தான் இருந்தது. சந்தேகம் என்றால் வடபழனியிலிருந்து பஸ் பிடித்துப் போய் நின்றுவிடலாம். 2018-ல் அது ஹரியானாவில் உள்ள பல்லப்கருக்குப் போய்விட்டது. இப்போது அப்படிப் போய் நிற்க முடியாது.

இது தெரியாத புது டைரக்டர் கிராமத்து ஸ்பாட்டில் நின்றுகொண்டு, "பின்னாடி ரெண்டு மாடு சும்மா கிராஸ் பண்ணினா ஃப்ரேம் நல்லா இருக்கும்ணே" என்பார். மாடு தாராளமாகப் போகும். சென்சாரில் படம் போகாது. அதை எல்லார் முன்னாலும் சொன்னால் அவர் முகம் சுருங்கிவிடும். தனியாகக் கூப்பிட்டுச் சொல்ல வேண்டும்.

பேட்டா

இனி இந்தத் தொழிலின் முதுகெலும்புக்கு வருகிறேன். சம்பளம் வேறு, பேட்டா வேறு. பேட்டா என்பது அன்றன்றைக்குக் கையில் வாங்கும் படி. கால்ஷீட் நேரம் தாண்டினால் ஒன்றரை, அதற்கும் மேல் போனால் டபுள். பேக்கப் சொன்னதும் மேனேஜரைச் சுற்றிக் கூட்டம் கூடும். அந்த நேரத்தில் பையில் இருக்கும் பணம் எல்லாருக்கும் வராது என்றால் என்ன செய்வது?

எனக்கு வேலை கற்றுக்கொடுத்த பெரியவர் ஒருவர், மூன்று தலைமுறை முதலாளிகளிடம் இருந்தவர், ஒரு சூத்திரம் வைத்திருந்தார். "தம்பி, ரூபாயை மேலேருந்து கீழ கொடுக்காத. கீழேருந்து மேல போ. மேல இருக்கிறவன் நாளைக்கு வாங்கிக்குவான். கீழ இருக்கிறவனுக்கு இன்னைக்கு ராத்திரி வீட்ல அரிசி வாங்கணும்." கேட்கச் சுலபமாக இருக்கும். நடைமுறையில், மேலே இருக்கிறவர் போன் போட்டுக் கத்துவார், கீழே இருக்கிறவர் தலையைச் சொறிந்துகொண்டு ஓரமாக நிற்பார். கத்துகிறவருக்கு முதலில் கொடுத்துவிடத்தான் கை போகும்.

2016 நவம்பர் 8 ராத்திரி எட்டு மணிக்கு 500, 1000 ரூபாய் நோட்டு செல்லாது என்று டிவியில் அறிவிப்பு வந்தபோது நாங்கள் பொள்ளாச்சிப் பக்கம் அவுட்டோரில் இருந்தோம். பையில் இருந்ததில் முக்கால்வாசி அந்த நோட்டுகள்தான். ஏ.டி.எம்.மில் ஒரு கார்டுக்கு ஒரு நாளைக்கு 2,000 ரூபாய் என்றார்கள். கம்பெனி கரண்ட் அக்கவுண்டில் வாரம் 50,000. எங்கள் ஒரு நாள் டீச் செலவுக்கும் டீசல் செலவுக்கும் காணாது. ஷூட்டிங்கை நிறுத்தினால் ஆர்ட்டிஸ்ட் தேதி போய்விடும்.

அன்றைக்குப் பெரியவரின் சூத்திரத்தை நோட்டுக்குப் பொருத்திப் பார்த்தோம். பெட்ரோல் பங்கில் பழைய நோட்டு வாங்கினார்கள். ஆகவே ஜெனரேட்டருக்கும் வண்டிகளுக்கும் டீசல் அத்தனையும் பழைய நோட்டில். அரிசி மண்டிக்காரரும் காய்கறிக்காரரும் பழகினவர்கள், கணக்கில் எழுதிக்கொள்ளச் சொல்லிவிட்டார்கள். கையில் இருந்த நூறு ரூபாய்த் தாள்களைத் தனியாக எடுத்து வைத்தோம். உள்ளூரிலிருந்து தினக்கூலிக்கு வந்தவர்கள், பாத்திரம் கழுவும் அக்காக்கள், கூட்டத்துக்கு வந்த துணை நடிகர்கள் என்று அன்றன்றைக்கு வீட்டுக்குப் போகிறவர்களுக்கு அது. லாட்ஜில் தங்கிச் சாப்பிடுகிறவர்கள் காத்திருக்கலாம். பெரிய டெக்னீஷியன்கள் பேங்கில் வாங்கிக்கொள்ளலாம். ஒரு கேமரா அசிஸ்டெண்ட் முணுமுணுத்தார். அவருக்கு விளக்கியது நானில்லை, எங்கள் சீனியர் லைட்மேன்தான். "அந்தம்மாவுக்கு ஏ.டி.எம். கார்டு இருக்கா தம்பி?" என்று ஒரே கேள்வி. ஷெட்யூல் முடிந்தது.

பந்தியும் பாத்ரூமும்

யூனிட்டின் மனநிலையைத் தெரிந்துகொள்ள வேண்டுமானால் மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஓரமாக நின்று பாருங்கள். விஜயகாந்த் தன் படங்களில், தான் சாப்பிடுவதே எல்லாருக்கும் போக வேண்டும் என்று பார்த்துக்கொண்டதை அன்று வேலை பார்த்தவர்கள் இன்றைக்கும் சொல்லிச் சொல்லி மாய்வார்கள். எத்தனையோ ஹிட் படங்கள் மறந்துவிட்டன, இந்தச் சாப்பாடு மறக்கவில்லை. காரணம் ருசி மட்டும் இல்லை. பந்தியில் ஒருவனை எங்கே உட்கார வைக்கிறோம் என்பதில் அவனுக்கு நாம் கொடுக்கும் மரியாதை தெரிந்துவிடும்.

சாப்பாட்டைப் பற்றி எல்லாரும் பேசுவார்கள். பாத்ரூமைப் பற்றிப் பேச மாட்டார்கள். 2024 ஆகஸ்டில் கேரளத்தில், மலையாள சினிமாவில் பெண்களின் நிலை பற்றிய ஹேமா கமிட்டி அறிக்கை வெளிவந்தபோது, ஸ்பாட்டில் பெண்களுக்குக் கழிப்பறையோ உடை மாற்ற இடமோ இல்லாத நிலை அதில் எழுத்தில் வந்தது. படித்துவிட்டு எங்கள் பக்கத்தில் யாரும் ஆச்சரியப்படவில்லை. கேரவன் இருப்பவர்களுக்குப் பிரச்சினை இல்லை. துணை நடிகைகளும் டான்சர்களும் வயல்வெளியில் காலையிலிருந்து சாயங்காலம் வரை தண்ணீர் குடிக்காமல் இருப்பதை நான் பார்த்திருக்கிறேன். ஏன் என்று கேட்டால் சொல்ல மாட்டார்கள். இது டைரக்டர் வேலையும் இல்லை, கேமராமேன் வேலையும் இல்லை. முழுக்க முழுக்க மேனேஜர் வேலை. லொக்கேஷன் பார்க்கப் போகும்போதே பக்கத்தில் பள்ளிக்கூடம், பஞ்சாயத்து ஆபீஸ், நல்ல மனதுக்காரர் வீடு எது இருக்கிறது என்று பார்த்துப் பேசி வைக்க வேண்டும். இல்லையென்றால் கூடுதல் வேனுக்குப் பணம் கேட்க வேண்டும். கிரேனுக்குக் கேட்டால் உடனே கிடைக்கும், இதற்குக் கேட்டால் "அவசியமா?" என்பார்கள். அவசியம் என்று சொல்லிவிட்டு நகராமல் நிற்க வேண்டும்.

நிறுத்து என்று சொல்கிற ஆள்

2020 பிப்ரவரி 19 ராத்திரி பூந்தமல்லி அருகே ஈ.வி.பி. ஃபிலிம் சிட்டியில் ‘இந்தியன் 2’ ஷூட்டிங்கில் கிரேன் சரிந்து மூன்று பேர் இறந்தார்கள். மூவரும் கேமராவுக்குப் பின்னால் நின்று வேலை பார்த்தவர்கள். 2025 ஜூலையில் நாகப்பட்டினம் அருகே ஒரு கார் ஸ்டண்டில் ஸ்டண்ட் கலைஞர் ஒருவர் போய்விட்டார். இப்படி ஒன்று நடந்ததும் இன்ஷூரன்ஸ், ஆம்புலன்ஸ், விதிமுறை என்று கொஞ்ச நாள் பேசுவோம்.

செய்தியில் வராத ஆபத்து ஒன்று உண்டு. டபுள் கால்ஷீட் முடித்து ராத்திரி இரண்டு மணிக்கு ஆட்களை இறக்கிவிட்ட டிரைவரையே விடியற்காலை நாலு மணிக்கு மறுபடி ஸ்டீயரிங்கில் உட்கார வைப்பது. ஸ்பாட்டில் எந்த ஸ்டண்டும் அந்த வேன் பயணத்தைவிட ஆபத்தானதில்லை. தூக்கமும் பத்தாத பொருட்களில் ஒன்றுதான், அதற்கும் வரிசை உண்டு. முதலில் தூங்க வேண்டியவர் டிரைவர். முதல் ஷாட் ஒரு மணி நேரம் தள்ளிப் போகும் என்று டைரக்டரிடம் போய்ச் சொல்கிற தைரியம் உங்களுக்கு இல்லையென்றால் இந்த வேலைக்கு வராதீர்கள். கணக்குத் தெரியாதவனைக்கூடத் தேற்றிவிடலாம்.

ரிலீஸுக்கு முந்தின நாள்

படம் முடிந்து பூசணிக்காய் உடைத்தாகிவிட்டது. கடைசி அங்கம் வெளியீட்டுக்கு முந்தின நாள் ராத்திரி அரங்கேறும். ஃபிலிம் காலத்தில் ஃபைனான்சியர் கையில் லேப் லெட்டர் இருக்கும். பாக்கி தீர்ந்தது என்று அவர் சொல்லாமல் லேபிலிருந்து பிரிண்ட் வெளியே வராது. இப்போது கே.டி.எம். என்ற டிஜிட்டல் சாவி. தியேட்டருக்குப் படம் போய்ச் சேர்ந்திருந்தாலும் அந்தச் சாவி வராமல் திரையில் ஓடாது. விடியற்காலை ஷோ கேன்சல், பத்து மணி ஷோ கேன்சல் என்று செய்தி பார்த்திருப்பீர்கள். அந்த நேரத்தில் எங்கோ ஒரு ஆபீசில் ஃபைனான்சியர், விநியோகஸ்தர், ஹீரோ தரப்பு என்று எல்லாரும் உட்கார்ந்து பஞ்சாயத்து பேசிக்கொண்டிருப்பார்கள்.

அந்த மேஜையைச் சுற்றி இருக்கிறவர்களைக் கவனியுங்கள். படத்தை நிறுத்த முடிந்தவர்களுக்கு மட்டும்தான் அங்கே நாற்காலி. சங்கத்து ஆட்களுக்கு சங்கம் பேசும். ஊரில் மாட்டு வண்டி வாடகைக்குக் கொடுத்தவர், டீக்கடை பாக்கிக்காரர், களத்தைக் காலி செய்து கொடுத்த விவசாயி, இவர்களுக்கு எந்தச் சாவியும் கிடையாது. அதனால் இவர்கள் கணக்கு அந்த ராத்திரி வரைக்கும் இருக்கவே கூடாது. யூனிட் வண்டி ஊர் எல்லையைத் தாண்டும் முன்னால் தீர்ந்துவிட வேண்டும். நல்ல மனதுக்காக மட்டும் சொல்லவில்லை, தொழில் கணக்கும் உண்டு. ஒரு படம் பாக்கி வைத்துவிட்டுப் போன ஊரில் அடுத்த ஐந்து படத்துக்குக் கதவு திறக்காது. "ஷூட்டிங்கா? போன தடவை வந்தவங்க..." என்று ஆரம்பிப்பார்கள். யார் செய்ததையோ நீங்கள் நின்று கேட்க வேண்டும்.

வர நினைக்கிறவர்களுக்கு

வவுச்சர் எழுதக் கற்றுக்கொள்ளுங்கள். இப்போது ஓ.டி.டி. கம்பெனிகள் வந்த பிறகு ஆடிட் கடுமை. ஜி.எஸ்.டி. பில், டி.டி.எஸ்., பர்ச்சேஸ் ஆர்டர் என்று எல்லாம் கேட்பார்கள். வாழைத்தோட்டத்துக்காரரிடம் ஜி.எஸ்.டி. நம்பர் கேட்டால் அவர் ஆதார் கார்டை எடுத்து நீட்டுவார். 5,000 ரூபாய்க்கு மேல் ரொக்கம் என்றால் ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டிக் கையெழுத்து, எழுதத் தெரியாதவர் என்றால் கைரேகை, பக்கத்தில் ஒரு சாட்சி. இந்த இரண்டு உலகத்துக்கும் நடுவில் பேப்பரைச் சரியாக வைத்திருக்கத் தெரிந்த பையனுக்கு வேலை நிச்சயம்.

அசிஸ்டெண்டாகத்தான் தொடங்க வேண்டும். டீ கொடுக்கக் கூச்சப்பட்டால் யூனிட்டில் ஒருவர் பெயரும் தெரியாமல் போய்விடும். பெயர் தெரியாதவனால் வரிசை போட முடியாது. பெண்கள் இந்தப் பக்கம் கொஞ்சம் கொஞ்சமாக வருகிறார்கள். இன்னும் நிறைய வர வேண்டும். மேலே சொன்ன பாத்ரூம் விவகாரம் அப்போதுதான் லொக்கேஷன் பார்க்கப் போகும் நாளிலேயே பேசப்படும்.

கடைசியாகச் சம்பளம். அட்வான்ஸ் கொஞ்சம், ஷெட்யூலுக்கு ஷெட்யூல் கொஞ்சம், மீதி ரிலீஸுக்கு முன்னால் என்று பேசுவார்கள். அந்த மீதியைப் பற்றி வெளிப்படையாகச் சொல்லிவிடுகிறேன். வரிசையைக் கீழேயிருந்து மேலே போடுகிறவன் தன் பெயரை நடுவில் எழுதிக்கொள்ள முடியாது. பை காலியாகும் வரை மற்றவர்களுக்குக் கொடுத்துவிட்டு கடைசியில் நிற்பது நாம்தான். சில கம்பெனியில் மீதி வந்தது. சில கம்பெனியில் அடுத்த படத்தில் சேர்த்துத் தருகிறேன் என்றார்கள், அடுத்த படம் வரவில்லை. ஆகவே தம்பிகளே, வீட்டு அட்வான்ஸுக்கோ தங்கச்சி கல்யாணத்துக்கோ அந்தக் கடைசித் தவணையை நம்பித் தேதி குறிக்காதீர்கள். அதை வராத கணக்கில் எழுதிவிட்டு மீதியில் குடும்பம் நடத்த முடியும் என்றால் வாருங்கள். வரும்போது அலாரம் வைத்த போனும், கிழியாத ஒரு வவுச்சர் புத்தகமும் கையில் இருக்கட்டும்.